காலியாக இருக்கக் கூடாத பெட்டி

ஒரு குழந்தையின் எடை தெரியாவிட்டால், எடை என்று போட்டிருக்கும் இடத்தில் என்ன எழுத வேண்டும்? படிக்கும்போது சுலபமான கேள்வியாகத்தான் இருக்கும். நானும் அப்படித்தான் நினைத்தேன். இப்போது என் வேலை, என் தூக்கம், பக்கத்து இருக்கைக்காரனோடு இருந்த நல்ல பேச்சுவார்த்தை எல்லாமே இந்தக் கேள்வியில் மாட்டிக்கொண்டு கிடக்கின்றன.

படூரில் குடியிருக்கிறேன். பழைய மகாபலிபுரம் சாலையில் ஒரு மென்பொருள் அலுவலகத்தில் வேலை. கணவருக்குக் கல்பாக்கம் அணுமின் நிலையத்தில் வேலை. விடிந்ததும் பஸ் ஏறிவிடுவார். மகளுக்கு ஒன்றரை வயது. அவளைக் காப்பகத்தில் விட்டுவிட்டு நான் அலுவலகம் போவேன். பிரசவ விடுப்பு முடிந்து திரும்பியபோது என்னை மருத்துவமனைகளுக்கு மென்பொருள் எழுதும் பிரிவில் போட்டார்கள். வார்டில் நர்ஸ் பார்க்கும் திரை நாங்கள் எழுதுவது. டாக்டர் மருந்தைக் குறித்தால், குழந்தையின் எடையை வைத்து எத்தனை மில்லி கொடுக்க வேண்டும் என்று அந்தத் திரை கணக்குப் போட்டுக் காட்டும். டாக்டர் பார்த்து ஒப்புக்கொண்ட பிறகுதான் மருந்து போகும் என்றாலும், கணக்கு எங்களுடையது.

நான் சேர்ந்த சில வாரங்களில் பிளக்இன் வந்தது. தெரியாதவர்களுக்காகச் சொல்கிறேன். நாங்கள் எழுதும் நிரலைக் கணினி ஓட்டக்கூடிய வடிவத்துக்கு மாற்றுவதைக் கம்பைல் செய்வது என்போம். அந்த மாற்றம் நடக்கும்போதே, நிரல் ஓடுவதற்கு முன்பாகவே, வரிக்கு வரி படித்துக் குறை சொல்லும் துணைக்கருவிதான் பிளக்இன். எங்களுடையது பார்ப்பது ஒரே விஷயத்தை. ஒவ்வொரு தகவலையும் ஒரு பெட்டியில் வைத்திருக்கிறோம் என்று வைத்துக்கொள்ளுங்கள். பெயர் ஒரு பெட்டி, எடை ஒரு பெட்டி. எந்தப் பெட்டியைத் திறக்கப் போனாலும் அது கேட்கும்: 'இது காலியாக இருந்தால் என்ன செய்வாய்?' பதில் எழுதாவிட்டால் அந்த வரியின் கீழ் சிவப்புக் கோடு விழும். ஒரு சிவப்பு இருந்தால்கூட கம்பைல் ஆகாது. ஆகாவிட்டால் அன்றைய வேலை முடியாது. முடியாவிட்டால் நான் காப்பகத்தைச் சாத்தும் நேரத்துக்கு ஓட வேண்டும்.

ஆரம்பத்தில் எனக்குப் பிடித்திருந்தது. நான் சந்தேகப் பிராணி. வீட்டைப் பூட்டிவிட்டு லிஃப்ட் வரை போய், திரும்பி வந்து கைப்பிடியை இழுத்துப் பார்ப்பவள். ஆனால் எனக்கே அது தாங்கவில்லை. இரண்டு வரிக்கு மேலேதான் பெட்டி காலியா என்று பார்த்திருப்பேன். நடுவில் வேறொரு வேலையைக் கூப்பிட்டிருந்தால் போதும், 'அந்த இடைவெளியில் யாராவது காலி செய்திருக்கலாமே' என்று மறுபடி சிவப்புக் கோடு போடும். சரி, காலியாக இருக்கலாம் என்று பெட்டிக்கு மேல் சீட்டு ஒட்டினால், அந்தப் பெட்டியை வாங்கும் இடம், அங்கிருந்து வாங்கும் அடுத்த இடம் என்று போகிற வழியெல்லாம் சீட்டு ஒட்டச் சொல்லும். ஒரு சிவப்பை அழிக்கப் போய், திரை நிறையச் சிவப்பைப் பார்த்துக்கொண்டு அப்படியே உட்கார்ந்திருக்கிறேன்.

"இது பிளக்இன் இல்லக்கா, உன் தங்கச்சி" என்றான் பக்கத்து இருக்கைக்காரன். சிங்கப்பெருமாள் கோயிலிலிருந்து பைக்கில் வருபவன். என்னைவிட நாலைந்து வயது சின்னவன். கை வேகம் அதிகம், வாய் அதைவிட.

பிளக்இன்னை அடக்க ஒரு வழி உண்டு. 'இந்த இடத்தில் நீ பேசாதே' என்று நிரலிலேயே ஒரு வரி எழுதலாம். எழுதினால் காரணமும் எழுத வேண்டும் என்பது எங்கள் பிரிவின் விதி. முதல் மாதம் எல்லோரும் அதைத்தான் எழுதித் தள்ளினோம். காரணங்களைப் படித்தால் சிரிப்பு வரும். 'வரவே வராது.' 'அப்புறம் பார்க்கிறேன்.' ஒருத்தர் 'கடவுள் இருக்கிறார்' என்றுகூட எழுதியிருந்தார்.

பிறகுதான் சிக்கல் வந்தது. எங்களிடம் மென்பொருள் வாங்கும் மருத்துவமனை, பிளக்இன்னை எத்தனை இடத்தில் வாயடைத்திருக்கிறோம் என்று அறிக்கை கேட்டது. நியாயமான கேள்விதான். எங்கள் பிரிவுத் தலைவி எல்லோரையும் அழைத்து, அந்த எண்ணிக்கை குறைய வேண்டும் என்றார். குறைந்தது. ஆச்சரியப்படும் அளவுக்குச் சீக்கிரமாகக் குறைந்தது. எப்படிக் குறைந்தது என்று யாரும் கேட்கவில்லை. நானும் கேட்கவில்லை, நிம்மதியாகத்தான் இருந்தேன்.

எங்களிடம் ஒருவர் எழுதியதை இன்னொருவர் படித்து ஒப்புதல் தந்தால்தான் அது உள்ளே போகும். அவன் எழுதியது என்னிடம் வந்தது. படித்துக்கொண்டே வந்தவள் ஒரு வரியில் நின்றுவிட்டேன். எடை காலியாக இருந்தால் பத்து கிலோ என்று எடுத்துக்கொள்.

"என்னப்பா இது, பத்து கிலோ?"

"இன்னாக்கா?"

"எடை இல்லேன்னா பத்துன்னு வெச்சுக்கோன்னு எழுதியிருக்க."

"ஆமாக்கா. காலியா இருந்தா இன்னா பண்ணுவ, இன்னா பண்ணுவன்னு கத்திக்கினே கீது. பத்துன்னு சொன்னேன். கம்முனு ஆயிட்ச்சி."

"அஞ்சு கிலோ குழந்தையா இருந்தா?"

"எட போடாம எவன்க்கா புள்ளைய அட்மிட் பண்ணுவான்? அந்த லைன் ஓடவே ஓடாது. சும்மா இத்தோட வாய அடைக்கத்தான்."

"ஓடவே ஓடாதுன்னா, பேசாதேன்னு வரி போட்டுக் காரணம் எழுதிட வேண்டியதுதானே?"

"போட்டா ரிப்போர்ட்ல வந்துரும். மேடம் என்னத்தான் புடிப்பாங்க. பத்து போட்டா எங்கியும் வராதுக்கா."

எங்கும் வராது. அதுதான் எனக்குப் பகீரென்றது. 'பேசாதே' என்று எழுதினால் அது அறிக்கையில் நிற்கும், யாராவது ஒருநாள் கேட்பார்கள். பத்து கிலோ எதிலும் நிற்காது. பிளக்இன்னுக்கு அதில் ஒரு குறையும் தெரியாது. பெட்டியில் ஏதாவது இருக்கிறதா என்றுதான் அது பார்க்கும். இருப்பது உண்மையா என்று பார்க்க அதற்குத் தெரியாது. பிளக்இன் வருவதற்கு முன்னால் எடை இல்லாவிட்டால் என்ன ஆகும்? திரை அப்படியே நின்றுபோகும். நர்ஸ் திட்டிக்கொண்டே டாக்டரைக் கூப்பிடுவார். இப்போது திரை நிற்காது. எந்தத் தடுமாற்றமும் இல்லாமல், யாரென்று தெரியாத ஒரு பத்து கிலோ குழந்தைக்கு மில்லி கணக்குச் சொல்லும். பாதுகாப்புக்காகக் கொண்டுவந்த கருவியின் தொல்லை தாங்காமல், இருந்த பாதுகாப்பையும் எடுத்துவிட்டோம்.

"ஏன் பத்து?" என்று கேட்டேன்.

"ரவுண்டா கீதுல்ல."

நான் ஒப்புதல் தரவில்லை. தராமல் இருந்ததற்கு அன்று முழுவதும் என்னையே கேட்டுக்கொண்டும் இருந்தேன். விடுப்பு முடிந்து வந்தவள், சீக்கிரம் கிளம்புகிறவள், வேலையைத் தடுக்கிறாள் என்று பேசமாட்டார்களா? நிஜமாகவே அந்த வரி ஓடாது என்றால்? ஒரு தாய் என்பதால் மட்டும் எனக்கு இது பெரிதாகத் தெரிகிறதா? மற்ற இடங்களிலும் தேடிப் பார்த்தேன். அறை எண் இல்லாவிட்டால் பூஜ்யம், பெயர் இல்லாவிட்டால் ஒரு கோடு என்று எல்லோரும் இதைத்தான் செய்திருந்தார்கள். அவற்றால் யாருக்கும் ஒன்றும் ஆகாது. எடை மட்டும் அப்படி இல்லை.

பிரிவுத் தலைவியிடம் போனேன். அவருக்கும் இரண்டு பிள்ளைகள். பொறுமையாகக் கேட்டார்.

"நீ சொல்றது கரெக்ட்தான்டா. பத்து போட்டது தப்பு. ஆனா இதுக்கு ஏன் முகத்த இப்படி வெச்சிருக்க? ஸ்கிரீன்ல வெயிட்டக் கட்டாயமாக்கிடு. அடிக்காம அடுத்த பக்கம் போகக் கூடாது. அப்புறம் காலியா எப்படி வரும்?"

எனக்கு அழுகையே வந்துவிட்டது, நிம்மதியில். எவ்வளவு எளிது! அந்த மாற்றத்தை நானே எழுதினேன். எடைப் பெட்டிக்குப் பக்கத்தில் சிவப்பு நட்சத்திரம் வைத்தேன். நிரப்பாமல் நகர்ந்தால் 'எடையைப் பதிவு செய்யவும்' என்று வரும். எடை ஒருபோதும் காலியாக இருக்காது என்று பிளக்இன்னுக்கும் சொன்னேன். ஒட்டிய சீட்டுகளையெல்லாம் உரித்துப் போட்டேன். பத்து கிலோ போயிற்று. ஒரு சிவப்பும் இல்லை. அறிக்கையிலும் ஒன்றும் இல்லை. அன்று காப்பகத்துக்கு நேரத்தோடு போய், மகளைத் தூக்கிக்கொண்டு அடுக்ககத்தைச் சுற்றி ஒரு நடையும் நடந்தேன்.

அடுத்த வெளியீட்டில் அது மருத்துவமனைக்குப் போவதாக இருந்தது.

அதற்கு முந்தைய வாரக்கடைசியில் மாமியாரும் நாத்தனாரும் வந்திருந்தார்கள். நாத்தனாருக்குக் கல்யாணம் கூடி வரவேண்டும் என்று திருவிடந்தைக்குப் போனோம். மாலையைக் கழுத்தில் போட்டுக்கொண்டு அவள் பிராகாரம் சுற்றிக்கொண்டிருந்தாள். என் தோளில் மகள் துவண்டு கிடந்தாள். காலையில் லேசாக இருந்த சூடு இப்போது என் கழுத்தைச் சுட்டது. மருந்து வீட்டில். தடுப்பூசி அட்டையும் வீட்டில். கணவரையும் மாமியாரையும் அழைத்துக்கொண்டு, நாத்தனாரைச் சுற்றி முடித்துவிட்டு வரச் சொல்லிவிட்டு, கடற்கரைச் சாலையில் கண்ணில் பட்ட முதல் சிறிய மருத்துவமனைக்குள் நுழைந்தோம்.

உள்ளே நல்ல கூட்டம். கணினிக்கு முன்னால் இருந்த நர்ஸ் பெயர், வயது எல்லாம் கேட்டு வேகமாக அடித்தார். எங்கள் மென்பொருள் இல்லை, வேறு யாரோ எழுதியது. ஆனால் பெட்டிகளைப் பார்த்ததும் எனக்கு அடையாளம் தெரிந்தது. எடைக்குப் பக்கத்தில் சிவப்பு நட்சத்திரம்.

"கொழந்த எத்தினி கிலோம்மா?"

"மெஷின் இல்லையா சிஸ்டர்?"

"கீது, பேட்டரி போய்ட்ச்சி. வாங்கியார ஆள் போய்கீது. நீ சொல்லும்மா."

எனக்கு நினைவு வரவில்லை. வாரக்கணக்கில் இந்த ஒரு விஷயத்துக்காகச் சண்டை போட்டவளுக்குத் தன் பெண்ணின் எடை நினைவு வரவில்லை.

"பன்னெண்டு இருப்பா, நல்லாத்தானே சாப்பிடறா" என்றார் மாமியார்.

"போன மாசம் ஒன்பதுன்னு சொன்னியேம்மா?" என்றார் கணவர் என்னைப் பார்த்து.

"தெரியலைன்னு போட முடியாதா சிஸ்டர்?" என்று கேட்டேன்.

"காலியா வுட்டா அடுத்த பக்கம் போவவே மாட்டேங்குதும்மா, பேஜாரு. பின்னாடி பாரு, எத்தினி பேர் நிக்கறாங்க. எதுனா ஒண்ணு சொல்லு, டாக்டர் பாத்துப்பாரு."

ஒன்பதுக்கும் பன்னிரண்டுக்கும் நடுவில் ஏதோ ஒன்று என் வாயிலிருந்து வந்தது.

"பத்து."

சொன்ன பிறகுதான் காதில் விழுந்தது. நர்ஸ் அடித்தார். திரை மறுபேச்சில்லாமல் அடுத்த பக்கம் போனது.

டாக்டர் சீட்டைப் பார்த்தார், குழந்தையைப் பார்த்தார், இரண்டு கையாலும் அவளைத் தூக்கி இறக்கினார். "பத்தெல்லாம் இல்லம்மா. ஒன்பது, ஒன்பதேகால் இருக்கும்" என்று சொல்லிவிட்டு மருந்தை எழுதினார். இந்த வித்தியாசத்தில் ஒன்றும் ஆகாது என்றார். நான் விடவில்லை. நீங்கள் கவனிக்காமல் இருந்திருந்தால் என்று கேட்டேன். "கவனிக்காம ஏன்மா இருக்கேன்?" என்றார், கொஞ்சம் எரிச்சலாக. கணவர் என் முழங்கையைத் தொட்டார். வெளியே வந்தோம். மறுநாளே காய்ச்சல் இறங்கிவிட்டது. வீட்டு எடைக்கருவியில் அவளைத் தூக்கிக்கொண்டு ஒரு முறை, தனியாக ஒரு முறை ஏறி நின்று கழித்துப் பார்த்தேன். டாக்டர் சொன்னது சரி.

ஒன்றும் ஆகவில்லை. அதனால்தான் இதை யாருக்கும் புரியவைக்க முடியவில்லை.

திங்கட்கிழமை நான் எழுதிய மாற்றத்தை நானே நிறுத்தச் சொன்னேன். நடந்ததையும் சொன்னேன். பக்கத்து இருக்கைக்காரன் நாற்காலியைத் திருப்பிக்கொண்டு என்னையே பார்த்தான்.

"யக்கா, நான் பத்து போட்டா தப்பு. நீ வாயால சொன்னா கரெக்டா?"

"ரெண்டும் தப்புப்பா. அதைத்தான் சொல்றேன்."

"அப்ப இன்னாதான் போடறது?"

"தெரியலைன்னு போடலாம்."

"போடு. நர்ஸம்மா தெரியலைன்னு அடிப்பாங்க, மில்லி வராது. மில்லி வரணுமேன்னு திரும்பி வந்து பத்துன்னு அடிப்பாங்க. நான் ஒருவாட்டி அடிச்சேன். நீ ஊருல கீற எல்லார் கையிலயும் அடிக்க வெக்கற." பிறகு கொஞ்சம் இறங்கி, "பாப்பாக்கு இப்ப எப்டி கீது?" என்று கேட்டான். அவன்மேல் கோபப்படவும் முடியவில்லை.

தலைவி நெற்றியைப் பிடித்துக்கொண்டார். "நீதானேடா எழுதின? பச்சையா இருக்குடா பில்ட், ஒரு சிவப்பு இல்லாம கம்பைல் ஆகுது. இப்ப போய்ப் பிரிச்சா என்ன ஆகும்னு உனக்கே தெரியும்."

தெரியும். எடை தெரியாமல் இருக்கலாம் என்று அந்த ஒரு பெட்டிக்கு மறுபடி சீட்டு ஒட்டினேன். எடையைத் தொடும் ஒவ்வொரு இடமும் சிவந்தது. மில்லி கணக்கு, மருந்துச் சீட்டு, மாதாந்திர அறிக்கை, குழந்தையின் வளர்ச்சியைக் காட்டும் வரைபடம். ஒவ்வொன்றிலும் பிளக்இன் என்னிடம் கேட்கிறது: 'இது காலியாக இருந்தால் என்ன செய்வாய்?' முன்பு அந்தக் கேள்வி எனக்குத் தொல்லையாக இருந்தது. இப்போது அது சரியான கேள்வியைத்தான் கேட்கிறது என்று தெரிகிறது. என்னிடம் பதில் இல்லை. அதுதான் முன்பைவிட எரிச்சலாக இருக்கிறது. அறிக்கைக்கு 'எடை பதிவாகவில்லை' என்று போட்டுவிட்டேன். வரைபடத்தில் அந்த மாதத்தை வெற்றிடமாக விட்டேன். மில்லி கணக்கில் மட்டும் கை ஓடவில்லை. எண்ணே காட்டாமல் டாக்டரைக் கேட்கச் சொல்லலாம். அந்த டாக்டர் குழந்தையைப் பார்க்காமல், தூரத்திலிருந்து திரையில் ஒப்புக்கொள்பவராக இருந்தால்?

கணவரிடம் சொன்னேன். எங்கள் இடத்தில் ஓர் அளவு தெரியாவிட்டால், தெரியும்வரை வேலையை நிறுத்திவிடுவோம் என்றார். அதையே செய்துவிடட்டுமா என்றேன். "எங்களோடது நிக்கும். காய்ச்சல் அடிக்கிற குழந்தைய எப்படி நிறுத்தி வெப்ப?" என்றார். இப்படி இரண்டு பக்கமும் பேசும் மனிதரை வைத்துக்கொண்டு என்ன செய்வது?

வெளியீட்டைத் தலைவி எனக்காக ஒரு வாரம் தள்ளி வைத்திருக்கிறார். அதற்குள் நான் முடிக்காவிட்டால், கட்டாயப் பெட்டியோடு, ஒரு சிவப்பும் இல்லாமல், அது மருத்துவமனைக்குப் போய்விடும். எழுதியவள் என்ற முறையில் வெளியீட்டுக்கு நான் தரவேண்டிய ஒப்புதல் அதில் ஏற்கெனவே இருக்கிறது. அதை எடுக்கவா விடவா என்று இரண்டு நாளாகப் பொத்தானைப் பார்த்துக்கொண்டிருக்கிறேன். நான் பயந்த சுபாவம் உடையவள். என் பயத்தில் எது நியாயமானது, எது வெறும் பயம் என்று எனக்கே பிரிக்கத் தெரியவில்லை.

இதைப் படிப்பவர்களில் குழந்தைகள் வார்டில் வேலை செய்யும் நர்ஸ்கள் இருப்பீர்கள். டாக்டர்கள் இருக்கலாம். இதே மாதிரி பிளக்இன்னோடு மல்லுக்கட்டுகிறவர்களும் இருப்பீர்கள். எடைக்கருவி ஓடவில்லை, அம்மாவுக்கும் நினைவில்லை, வரிசை நிற்கிறது. அப்போது உங்களுக்கு முன்னால் இருக்கும் திரை என்ன செய்தால் உங்களுக்கு உதவியாக இருக்கும்? நிற்க வேண்டுமா, எச்சரித்துவிட்டு விட வேண்டுமா, அம்மா சொன்ன எடை என்று தனியாகக் குறித்துக்கொள்ள வேண்டுமா? குறித்தால் அதை யாராவது பார்ப்பீர்களா? உண்மையில் நீங்கள் என்ன செய்கிறீர்கள் என்று எழுதுங்கள். எனக்கு வேண்டியது அதுதான். முடிந்தால் இந்த வாரத்துக்குள்.